டால்ஸ்டனில் கௌசி பாடிய ஒன்பது பாட்டுகள்

போன வருடம் ஜூன் மாதம் ஒரு வியாழக்கிழமை லண்டன் போய்த் திங்கட்கிழமை ஒஸ்லோ திரும்பினேன். ஊர் சுற்றப் போகவில்லை. என் சின்னம்மாவின் மகள் கௌசிகா அங்கே ஒரு கச்சேரி செய்தாள், அவளுக்குத் துணையாகப் போனேன். வழக்கமாக இந்தப் பக்கத்தில் எந்த விமானத்தில் பெட்டிக்குத் தனிக்காசு கேட்கிறார்கள், எந்த ஊரில் நல்ல இடியப்பம் கிடைக்கிறது என்றுதான் எழுதுவேன். இந்த முறையும் அதெல்லாம் வரும். கூடவே என் வயிற்றெரிச்சலும் வரும். அது வேண்டாதவர்கள் கடைசியில் உள்ள பயணக் குறிப்புகளுக்கு நேரே போய்விடலாம்.

கௌசியை நோர்வேயில் இருப்பவர்களுக்கு அறிமுகம் செய்யத் தேவையில்லை. மற்றவர்களுக்குச் சொல்கிறேன். வடக்கே, குளிர்காலத்தில் சூரியனே எழும்பாத ஒரு மீன்பிடி ஊரில் பிறந்தவள். சின்னம்மாவும் சித்தப்பாவும் அங்கே தொழிற்சாலையில் மீன் வெட்டினார்கள். அவளுக்கு எட்டு வயதானபோது குடும்பம் தெற்கே ட்ராமனுக்கு வந்தது. இருபது வயதில் நோர்வேஜிய மொழியில் ஒரு பாட்டு எழுதிப் பாடினாள். பஸ் தரிப்பில் நனைந்த கையுறையோடு நிற்கும் ஒரு பெண்ணைப் பற்றிய பாட்டு. அந்தக் குளிர்காலம் முழுக்க வானொலியைத் திருப்பினால் இவள் குரல்தான். நான் ஒஸ்லோவில் டிராம் ஓட்டுகிறவள். பள்ளிக்கூடப் பெண்கள் அந்தப் பாட்டை முணுமுணுத்துக்கொண்டு ஏறுவார்கள். இது என் தங்கச்சி என்று ஒலிபெருக்கியில் அறிவிக்க எனக்கு வாய் துருதுருக்கும்.

பேட்டி எடுக்க வந்த பத்திரிகைக்காரர்களுக்கு இரண்டே கேள்விதான் இருந்தது. உங்கள் நாட்டில் யுத்தம் எப்படி, உங்கள் வீட்டில் கறி எவ்வளவு உறைப்பு. அவள் யுத்தத்தைக் கண்ணால் கண்டதில்லை. கறி உறைத்தால் இரண்டு கோப்பை பால் குடிப்பவள். எங்கள் ஆட்களுக்கு ஒரு கேள்விதான், ஏன் தமிழில் பாடவில்லை. இரண்டாவது இசைத்தொகுப்பு எடுபடவில்லை. அத்தோடு அவளுடைய நிறுவனம் அவள் அழைத்தால் தொலைபேசியை எடுப்பதை நிறுத்திக்கொண்டது. போன வருடம் அவளுக்கு முப்பத்து மூன்று வயது. பகலில் ஒரு சிறுவர் பராமரிப்பு நிலையத்தில் பிள்ளைகளுக்குச் சப்பாத்து மாட்டிவிட்டாள். மாலைகளில் ஆங்கிலத்தில் எழுதினாள். நான்கு வருடத்தில் ஒன்பது பாட்டுகள் சேர்ந்தன.

அந்த ஒன்பதையும் லண்டனில் சிறிய இசை நிறுவனம் நடத்தும் டொம் என்ற வெள்ளைக்காரர் கேட்டார். நன்றாக இருக்கிறது என்றார். ஆனால் வெளியிட முன் லண்டனில் ஒரு கச்சேரி வைத்து யார் வருகிறார்கள் என்று பார்க்கவேண்டுமாம். உங்கள் சமூகம் இங்கே பெரியதாமே என்றும் கேட்டிருக்கிறார். இடம் நிறைந்தால் ஒன்பது பாட்டும் வெளிவரும், இல்லாவிட்டால் கை குலுக்கிப் பிரியலாம். இதுதான் பேச்சு. முப்பத்து மூன்று வயதுப் பாப் பாடகிக்கு இன்னொரு டொம் கிடைக்கமாட்டார் என்பது அவளுக்குத் தெரியும், எனக்கும் தெரியும்.

இனிப் பயணம். கார்டமூன் விமான நிலையத்திலிருந்து கட்விக்குக்குக் காலை 9.40 விமானம். போகவர ஒருவருக்கு 1,640 குரோனர். கௌசியின் கீபோர்டுக்குத் தனியாக 450. நோர்வே கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களும் இப்போது முன்கூட்டியே இணையத்தில் பயண அனுமதி எடுக்கவேண்டும், எனக்கு 16 பவுண் ஆனது. கட்விக்கில் இறங்கி, நடுவில் மாறாமல் வெஸ்ட் ஹாம்ஸ்டெட் போகும் ரயிலைப் பிடியுங்கள். ஒரு மணி நேரம் சொச்சம். அங்கே தெருவைக் கடந்தால் ஜுபிலி ரயில் வரும், அதில் கிங்ஸ்பரி. விக்டோரியாவுக்குப் போகும் விலை கூடிய ரயிலில் ஏறி ஏமாறவேண்டாம்.

கிங்ஸ்பரியில் தவம் மாமி வீட்டில் தங்கினோம். மாமி என் அப்பாவின் தங்கை. நல்ல மனுசி, போன உடனே புட்டும் முட்டைப் பொரியலும் வைத்தார். கௌசியின் படம் போட்ட சுவரொட்டியைப் பார்த்து, "வடிவாய் இருக்குப் பிள்ளை, ஒரு பொட்டு வைச்சிருக்கலாம்" என்றார். நாங்கள் சிரித்தோம்.

வெள்ளிக்கிழமை முழுவதும் வெம்பிளியில் கடை ஏறி இறங்கினோம். கிங்ஸ்பரியிலிருந்து 79ஆம் இலக்க பஸ், 1.75 பவுண். ஈலிங் ரோட்டில் நகைக்கடை, சேலைக்கடை, மரக்கறிக்கடை ஒன்றையும் விடவில்லை. போகிற இடமெல்லாம் ராஜ வரவேற்பு. தேத்தண்ணி வந்தது, ரோல்ஸ் வந்தது. சேலைக்கடை அக்கா கௌசியின் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு, "ஆர், நோர்வேயில பாடுற பிள்ளையே? உம்மை நாங்கள் ரீவியில பாத்தனாங்கள். நாளைக்கோ? ஓம், கட்டாயம் வாறம். மூத்தவளையும் கூட்டிக்கொண்டு வாறன்" என்றார். நகைக்கடைக்காரர் குடும்பத்தோடு வருவதாகச் சொன்னார். மரக்கறிக்கடைக்காரர் எத்தனை மணிக்கு, எங்கே கார் நிறுத்தலாம் என்றுகூடக் கேட்டார்.

எல்லோருக்கும் மேலே ரவி அண்ணை. வெம்பிளிப் பக்கத்தில் மண்டபம், சோடனை, சாப்பாடு, வீடியோ எதுவானாலும் அவரைத்தான் பிடிக்கவேண்டும். இருபத்தைந்து வருடமாக லண்டனில் இருப்பவர். சுவரொட்டியைத் தன் கடைக் கண்ணாடியில் தானே ஒட்டினார். "ஐம்பது பேர் என்ர பொறுப்பு. நீர் பாட்டைப் பாரும், சனத்தை நான் பாக்கிறன்" என்றார். கௌசிக்குக் கண் கலங்கிவிட்டது. இரண்டாவது தொகுப்புக்குப் பிறகு அவளிடம் யாரும் இப்படிப் பேசியதில்லை.

பஸ்ஸில் திரும்பும்போது தொலைபேசியில் ஏதோ கூட்டிக்கொண்டு வந்தாள்.

"தொண்ணூற்றிரண்டு பேர், அக்கா."

"எப்பிடி?"

"ஓம் எண்டு சொன்ன ஆக்களை மட்டும்தான் எண்ணினனான். பாப்பம் எண்டவையைச் சேர்க்கேல்லை."

பிறந்ததிலிருந்து நோர்வேயில் வளர்ந்த பிள்ளை. அங்கே ஒருவர் வருகிறேன் என்றால் வருவார். வராவிட்டால் ஆஸ்பத்திரியில் இருக்கிறார் என்று பொருள். எனக்கு உள்ளுக்குள் ஏதோ உறுத்தத்தான் செய்தது, நான் பத்தொன்பது வயதுவரை யாழ்ப்பாணத்தில் இருந்தவள். ஆனால் ரவி அண்ணை ஐம்பது என்று எண்ணிக்கையே சொன்ன பிறகு நான் என்ன சொல்வது. பஸ்ஸிலிருந்தே அவள் டொமை அழைத்தாள். டொம் ஒரு முன்யோசனை செய்து வைத்திருந்தார். கௌசிக்கு முன்னால் அந்தப் பகுதி இளைஞர் குழு ஒன்று பாடும், அவர்களைப் பார்க்க எப்படியும் முப்பது நாற்பது பேர் வருவார்கள். தொண்ணூற்றிரண்டு என்று கேட்டதும் அவர் மகிழ்ந்துபோய், நூற்றிருபது பேர் கொள்ளும் இடத்தில் இடம் போதாது, அந்தக் குழுவை அடுத்த மாதத்துக்கு மாற்றிவிடுகிறேன், மாலை முழுவதும் உனக்கே என்றார். அவள் தொலைபேசியை வைத்துவிட்டு என் தோளில் சாய்ந்துகொண்டாள்.

சனிக்கிழமை காலை பத்து மணிக்குக் குசினிக்குப் போனால் மாமி காஞ்சிபுரம் சேலைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டு நிற்கிறார்.

"மாமி, பப்பில நடக்கிற கச்சேரிக்கு இவ்வளவு பெரிய சேலையோ?"

"கச்சேரிக்கில்லைப் பிள்ளை. இண்டைக்கு ஹரோவில சாமத்திய வீடெல்லே. ரவியின்ர மனிசியின்ர தமையன்ர மகளுக்கு. அஞ்சு மணிக்கு."

சாமத்திய வீடு என்றால் பெண்பிள்ளை பெரியவளானதற்கு மண்டபம் எடுத்துச் செய்யும் கொண்டாட்டம். லண்டனில் அதைக் கல்யாணத்துக்குச் சமமாகச் செய்கிறார்கள். அழைப்பு ஆறு மாதத்துக்கு முன்பே போய்விடும். அதாவது, நேற்று எங்களுக்குத் தேத்தண்ணி தந்த ஒவ்வொருவருக்கும், அந்தத் தேத்தண்ணியை ஊற்றும்போதே இது தெரிந்திருந்தது.

"நேற்று ஒருத்தரும் சொல்லேல்லையே மாமி. எல்லாரும் வாறம் எண்டவை."

"முகத்துக்கு நேர வரேல்லை எண்டு சொல்லுறதே? அது மரியாதையில்லை."

"நீங்களாவது எங்களுக்குச் சொல்லியிருக்கலாம்."

"நீங்கள் சந்தோசமாய் வந்தியள், அதைக் கெடுப்பான் ஏன் எண்டு இருந்திட்டன். எங்கட மகன் சுதனின்ர கலியாணத்துக்கு அவை குடும்பத்தோட வந்து விடியவிடிய நிண்டவை. நாங்கள் போகாட்டி நாளைக்கு எப்பிடி முகத்தில முழிக்கிறது? நீங்கள் பாடி முடிச்சிட்டு வாங்கோ, பத்து மணி வரைக்கும் சாப்பாடு இருக்கும்."

மாமியைக் குறை சொல்லவும் முடியவில்லை. ஒரு வீட்டார் நம் வீட்டுக்கு வந்தால் நாம் அவர்கள் வீட்டுக்குப் போகவேண்டும். அகதியாக வந்து இறங்கிய காலத்தில் ஒருவரை ஒருவர் விட்டுவிடாமல் இருந்ததற்கு அந்தக் கணக்குத்தான் காரணம். அதில் கௌசிக்கு இடமில்லை, அவ்வளவுதான். அவள் யாருடைய கல்யாணத்துக்கும் போய் நின்றதில்லை. இது எனக்கு இப்போது விளங்குகிறது. அன்று காலை விளங்கவில்லை. அன்று காலை ரவி அண்ணையை ஏழு தடவை அழைத்தேன். எடுக்கவில்லை. பதிலுக்குக் கைகூப்பும் படம் ஒன்று வந்தது.

மேலே போய் கௌசியிடம் சொன்னேன். குரலுக்குப் பயிற்சி செய்துகொண்டிருந்தவள் நிறுத்தினாள்.

"அஞ்சு மணிக்கு அங்க போயிட்டு ஆறரைக்குக் கச்சேரிக்கு வருவினம் போல. அவர் அம்பது பேர் எண்டு சொன்னவர் அக்கா."

கீபோர்டோடு ரயிலில் அலைய முடியாது என்பதால் கார் பிடித்தோம். கிங்ஸ்பரியிலிருந்து, கச்சேரி நடக்கும் டால்ஸ்டன் பத்து மைல் அளவுதான், ஆனால் சனிக்கிழமைப் பின்னேரம் ஒரு மணி பத்து நிமிடம் எடுத்தது. 38 பவுண். ஓட்டுநர் தமிழர். பிரான்ஸில் இருந்துவிட்டு வந்தவர், இப்போது மோர்டனில் இருக்கிறாராம். கௌசி வழக்கம்போலச் சுவரொட்டியை நீட்டி, "நீங்களும் வாங்கோ அண்ணை" என்றாள். அவர் சிவப்பு விளக்கில் நிறுத்தி அதை முழுவதும் வாசித்தார்.

"வர ஏலாது தங்கச்சி. எட்டு மணி வரைக்கும் ஷிப்ட்" என்று திருப்பிக் கொடுத்தார். பிறகு கண்ணாடியில் எங்களைப் பார்த்து, "சனிக்கிழமையே வைச்சனியள்? இஞ்ச சனிக்கிழமையில ஏதும் வைக்கிறதெண்டால் முதல் மண்டபக்காரரிட்டக் கேட்டுப்போட்டுத்தான் வைக்கிறது" என்றார்.

இரண்டு நாளில் எங்களிடம் இல்லை என்று சொன்ன ஒரே தமிழர் அவர். அந்த மனிதருக்கு நான் இரண்டு பவுண் கூடக் கொடுத்தேன்.

இடம் ஒரு பப்பின் மேல்மாடி. கறுப்புச் சுவர், சிறிய மேடை, நல்ல ஒலி. டொம் வாசலில் நின்று கை கொடுத்தார். ஐந்தரைக்குக் கதவு திறந்தார்கள். ஆறு மணிக்குத் தொடங்கவேண்டியதை ஆறரைக்குத் தள்ளினாள் கௌசி. ஆறரைக்கு அங்கே நின்றவர்களைச் சொல்கிறேன். நான், டொம், டொமோடு வேலை செய்யும் ஒரு பெண், குடிவகை ஊற்றும் பையன், லண்டனில் படிக்கும் இரண்டு நோர்வேப் பெண்கள், ஒரு நோர்வே நர்ஸ், கீழே இடம் இல்லாததால் மேலே வந்த ஒரு சோடி. தமிழர் என்று பார்த்தால் நான் மட்டும்.

முதல் பாட்டைக் கதவைப் பார்த்துக்கொண்டே பாடினாள். கதவு திறக்கும்போதெல்லாம் அவள் குரல் கொஞ்சம் எழும்பும். பையன் கோப்பைகள் எடுத்துக்கொண்டு வருவான், குரல் இறங்கும். இரண்டாவது பாட்டிலும் அப்படித்தான். மூன்றாவதில் கதவைப் பார்ப்பதை விட்டாள். அதற்குப் பிறகு அவள் பாடியதைப் போல நான் அவளிடம் ஒருநாளும் கேட்டதில்லை. அழுகிற மாதிரியும் இல்லை, கோபிக்கிற மாதிரியும் இல்லை. வேலையைத் திருத்தமாகச் செய்து முடிக்கிற ஒருத்தியின் குரல்.

ஐந்தாவது பாட்டு அவளுடைய அம்மாவைப் பற்றியது. மீன் தொழிற்சாலையில் எட்டு மணி நேரம் நின்றுவிட்டு வரும் பெண், பள்ளிக்கூடத்தில் பெற்றோர் கூட்டத்துக்குப் போக முன் புளிக்கும் தேசிக்காயை வெட்டிக் கையில் தேய்க்கிறாள், மூன்று தரம் தேய்க்கிறாள், மணம் போகவில்லை, கடைசியில் கையைக் கோட்டுப் பைக்குள் வைத்துக்கொண்டே ஆசிரியரோடு பேசுகிறாள். இவ்வளவுதான் பாட்டு. நோர்வே வந்த புதிதில் சின்னம்மா வீட்டில் இருந்தபோது, அவர் அப்படி நின்றதை நான் கண்ணால் கண்டிருக்கிறேன். அது யாருக்காக எழுதப்பட்டதோ, அதே மாதிரிக் கையோடு ஐரோப்பாவெல்லாம் வேலை செய்துவிட்டு லண்டன் வந்து சேர்ந்த நூறு பெண்கள் அந்த நேரம் ஹரோவில் பட்டுச்சேலையோடு இருந்தார்கள். நோர்வே நர்ஸ் அழுதார். எனக்கு அழுகை வரவில்லை, பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன்.

ஏழே முக்காலுக்கு முடிந்தது. டொம் நல்ல மனிதர்போல நடந்துகொண்டார், அதுதான் இன்னும் எரிச்சல். அருமையான பாட்டுகள் என்றார். கீபோர்ட் இங்கேயே இருக்கட்டும், திங்கட்கிழமை வந்து எடுக்கும்போது பேசுவோம் என்றார்.

படி இறங்கும்போது மாமி அழைத்தார். எல்லோரும் கேட்கிறார்களாம், வந்து முகத்தைக் காட்டிவிட்டுப் போகாவிட்டால் மாமிக்கு மரியாதை இல்லையாம். நான் வாயைத் திறக்க முன் கௌசி சொன்னாள்.

"போவம் அக்கா. எனக்குப் பசிக்குது."

காலையிலிருந்து அவள் ஒன்றும் சாப்பிடவில்லை. டால்ஸ்டன் கிங்ஸ்லாண்ட் நிலையத்தில் ஏறி வெஸ்ட் ஹாம்ஸ்டெட்டில் மாறி, வெம்பிளி பார்க்கில் இன்னொருமுறை மாறினால் ஹரோ. ஏறத்தாழ ஒரு மணி நேரம். ஜூன் மாதம் என்பதால் போய்ச் சேரும்போதும் நல்ல வெளிச்சம் இருந்தது.

மண்டபத்தைப் பற்றி அதிகம் எழுத மனமில்லை. நானூறு பேர் இருப்பார்கள். மேடையில் சிம்மாசனம், அதில் பன்னிரண்டு வயதுப் பிள்ளை, தலையில் கிரீடம், முகத்தில் களைப்பு. வாழ்த்த நிற்கும் வரிசை வாசல்வரை. ஐஸ்கிரீம் வண்டி ஒரு பக்கம், மேலே சுற்றிப் படம் எடுக்கும் ட்ரோன் ஒன்று. சேலைக்கடை அக்கா இருந்தார், மூத்தவளும் இருந்தாள். நகைக்கடைக்காரர் குடும்பத்தோடு வந்திருந்தார். கார் நிறுத்த இடம் விசாரித்த மரக்கறிக்கடைக்காரர் ஒரு தட்டு நிறையச் சோற்றோடு எங்களைப் பார்த்துக் கையாட்டினார். ஒருவர் முகத்திலும் ஒரு சங்கடமும் இல்லை. ரவி அண்ணை கோட்டும் சூட்டுமாக ஓடிவந்து கௌசியின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"எங்க பிள்ளை, உங்களை இவ்வளவு நேரமும் காணேல்லையெண்டு பாத்துக்கொண்டு நிண்டனான்."

எங்களைக் காணவில்லையாம். நான் டிராம் ஓட்டத்தொடங்கிய இத்தனை வருடத்தில் குடிகாரர், காசு கட்டாதவர், தண்டவாளத்தில் படுத்தவர் எல்லோரையும் பார்த்திருக்கிறேன். யார் மீதும் கை ஓங்கவேண்டும் என்று தோன்றியதில்லை. அன்று தோன்றியது. மாமி என் முழங்கையைப் பிடித்திருந்தார்.

அதற்குள் அறிவிப்பாளர் மேடையிலிருந்து, நோர்வே நாட்டிலிருந்து வருகை தந்திருக்கும் எங்கள் சமூகத்தின் பெருமை, பாப் இசைப் பாடகி என்று முழங்கிவிட்டார். கைதட்டல் காதைப் பிளந்தது. கௌசி மேடைக்குப் போய் ஒலிவாங்கியை வாங்கினாள். அம்மாவின் பாட்டைத் தொடங்கினாள், இசை எதுவும் இல்லாமல், வெறும் குரலில். முதல் வரி முடியும்வரை சனம் பார்த்தது. இரண்டாவது வரியில் பேச்சு தொடங்கியது. மூன்றாவது வரியில் வரிசை நகர்ந்தது, படம் எடுப்பவர் கௌசியைக் கொஞ்சம் தள்ளி நிற்கச் சொன்னார். ரவி அண்ணை மேடை ஓரத்துக்கு வந்து அன்பாகத்தான் சொன்னார்.

"பிள்ளை, எல்லாருக்கும் தெரிஞ்சதொண்டு."

அவள் நிறுத்தினாள். என்னைப் பார்க்கவில்லை. சிம்மாசனத்தில் இருந்த பிள்ளையைப் பார்த்து ஏதோ சிரித்தாள். பிறகு எல்லோருக்கும் தெரிந்த ஒரு பழைய சினிமாப் பாட்டை எடுத்தாள். இரண்டு வரிக்குள் மண்டபம் திரும்பியது. சோற்றுத் தட்டுகள் கீழே இறங்கின, தொலைபேசிகள் மேலே எழும்பின. பெண்கள் சேர்ந்து பாடினார்கள். களைத்துப்போயிருந்த அந்தப் பிள்ளை கிரீடத்தைப் பிடித்துக்கொண்டு எழுந்து ஆடினாள். கௌசி அந்தப் பாட்டை மோசமாகப் பாடியிருந்தால் நான் மன்னித்திருப்பேன். மிக நன்றாகப் பாடினாள். நோர்வேஜிய மொழியில் இருபது வயதில் பாடிய அதே குரல், அதே இழைவு. இறங்கி வந்து இரண்டு தட்டுச் சோறு சாப்பிட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை மாலைக்குள் அந்தக் காணொளி டொரொண்டோவரை போய்விட்டது. என் கைக்கே ஐந்து பேரிடமிருந்து வந்தது. டால்ஸ்டனில் அவள் பாடியதை யாரும் யாருக்கும் அனுப்பவில்லை.

திங்கட்கிழமை பதினொரு மணிக்குக் கீபோர்டை எடுக்கப் போனோம். டொம் கோப்பி வாங்கித் தந்தார். ஒன்பது பாட்டைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. தன் தொலைபேசியை மேசையில் வைத்து அந்தக் காணொளியை ஓடவிட்டார். இந்த மாதிரிப் பத்துப் பாட்டு செய்யலாமா என்று கேட்டார், உண்மையான ஆர்வத்தோடு. இதற்கு உலகம் முழுக்க ஆட்கள் இருக்கிறார்களே, இதை ஏன் முதலிலேயே எனக்குக் காட்டவில்லை என்றார். கௌசி யோசித்துச் சொல்வதாகச் சொன்னாள்.

ரயிலில் கட்விக் வரும்வரை நான் விடவில்லை. வேண்டாம் என்று சொல்லு என்றேன். உன்னை ஒரு கலியாண வீட்டுக் குரலாக ஆக்கப்போகிறார்கள் என்றேன். நோர்வேக்காரர் உன்னிடம் கறியைக் கேட்டார்கள், இவர்கள் வேறு என்ன கேட்கிறார்கள் என்றேன். அவள் கீபோர்டைக் காலுக்கிடையில் வைத்துக்கொண்டு வெளியே பார்த்தபடி இருந்தாள். கிழக்குக் குரொய்டன் தாண்டியதும் திரும்பினாள்.

"உங்களுக்குக் கோவம், அக்கா. எனக்கும் கோவம்தான். ஆனா நான் அந்த மேடையில நிண்டனான், நீங்கள் நிக்கேல்லை. எல்லாரும் நிமிர்ந்து பாத்தவை. பதின்மூண்டு வருசமாய் ஒருத்தரும் என்னை அப்பிடி நிமிர்ந்து பாக்கேல்லை."

"அது உன்ர பாட்டில்லையே."

"இல்லை. எண்டாலும் நிமிர்ந்து பாத்தவை."

ஒஸ்லோவில் இறங்கிய இரண்டாவது நாள் அவள் டொமுக்குச் சம்மதம் எழுதினாள்.

இப்போது பயணக் குறிப்புகள். கிங்ஸ்பரியிலோ வெம்பிளியிலோ தங்கினால் ரயில் வசதி நல்லது, ஹோட்டலாக இருந்தால் வெம்பிளி உதைபந்தாட்ட அரங்கில் பெரிய ஆட்டம் உள்ள நாட்களைத் தவிருங்கள், விலை இரட்டிப்பாகும். ரயிலுக்கும் பஸ்ஸுக்கும் வங்கி அட்டையையே தட்டலாம், தனி அட்டை வாங்கவேண்டாம், ஆனால் ஏறும்போது தட்டிய அதே அட்டையை இறங்கும்போதும் தட்டுங்கள். இசைக்கருவி கொண்டுபோனால் விமானத்தில் முன்பதிவு செய்யுங்கள். லண்டனில் எங்கள் ஆட்களை நம்பி ஏதாவது நிகழ்ச்சி வைப்பதாக இருந்தால் ஏப்ரல் முதல் செப்டம்பர்வரை சனிக்கிழமையைத் தொடவேண்டாம். டிக்கெட்டை முன்கூட்டியே கையில் கொடுத்துக் காசை வாங்குங்கள். காசு தராத வாக்கை எண்ணிக்கையில் சேர்க்காதீர்கள். யாராவது வர ஏலாது என்று சொன்னால் அவருக்கு நன்றி சொல்லுங்கள்.

கௌசியைக் கேட்க விரும்புகிறவர்களுக்கும் ஒரு குறிப்பு. இந்த வருடக் கோடை முழுவதும் அவள் லண்டனில் இருக்கிறாள். ஹரோ, வெம்பிளி, மோர்டன் பக்கம் ஏதாவது மண்டபத்துக்கு உங்களுக்கு அழைப்பு இருந்தால், கேக் வெட்டிய பிறகு, சாப்பாட்டுக்கு முன் பாடுவாள். அழைப்பு இல்லாதவர்கள் கேட்க வழியில்லை.

அந்த ஒன்பது பாட்டுகள் எங்கே கிடைக்கும் என்று, கச்சேரிக்குப் போகிறேன் என முன்பு எழுதிய பதிவின் கீழே மூன்று பேர் கேட்டிருந்தீர்கள். எங்கேயும் கிடைக்காது. என் தொலைபேசியில் மட்டும் இருக்கிறது, அன்று மாலை முழுவதையும் பதிந்து வைத்திருந்தேன். இங்கே போடலாமா என்று அவளிடம் கேட்டேன். வேண்டாம் அக்கா, அது முடிஞ்சுது என்றாள். டிராமைக் கடைசித் தரிப்பில் நிறுத்தும் இடைவேளைகளில் நான் மட்டும் கேட்கிறேன். ஐந்தாவது பாட்டு முடிந்ததும் கைதட்டல் வரும். எத்தனை சோடிக் கைகள் என்று எண்ணலாம், எது நர்ஸினுடையது, எது பையனுடையது என்றும் சொல்லலாம். எல்லோரும் நிறுத்திய பிறகும் ஒரு சோடிக் கை மட்டும் நெடுநேரம், கொஞ்சம் வெட்கக்கேடாக, தட்டிக்கொண்டே இருக்கிறது. அது என்னுடையது.